காப்பகத்தில் எடுத்த நாய்க்கு ஆஸ்பத்திரிச் செலவு: உங்கள் அனுபவம்?

தாம்பரத்தான்:
குட்டிக்குக் காப்பகத்தில் காசு வாங்கவில்லை. ஊசி போட்டாச்சு என்று அட்டையும் கொடுத்தார்கள். அந்த வாரமே வாந்தி, அப்புறம் ரத்தமாகப் பேதி. பார்வோ, நாய்க்குட்டிகளின் குடலைத் தாக்குகிற வைரஸ் நோய். முன்னங்காலில் முடியை மழித்தும் நரம்பு கிடைக்காமல் மாற்றி மாற்றிக் குத்தினார்கள். அதைக்கூட மறந்துவிடலாம். டிரிப் பாதி இறங்கும்போது கவுண்டரிலிருந்து ஒரு பெண் வந்து, "சார், அட்வான்ஸ் கட்டிட்டீங்கன்னா அடுத்த பாட்டில் போட்டுடலாம்" என்றார். வராண்டா முழுக்க ஆட்கள். குட்டி என் மடியில். ஜிபே வேறு சுற்றிக்கொண்டே இருந்தது. மொத்தம் பதினெட்டாயிரம் சொச்சம். பணத்தைவிட அந்த நிமிஷம்தான் இன்னும் உறுத்துகிறது.

வடபழனி ராணி:
காப்பகத்தின் மேல் பழி போடுகிற மாதிரி இருக்கிறதே? பார்வோ உள்ளே போய் 3 முதல் 7 நாளில் வெளியே தெரியும், சிலதுக்கு இரண்டு வாரம்கூட ஆகும். ஒரு ஊசி போட்ட குட்டிக்கு முழுப் பாதுகாப்பு கிடையாது. நூறு நாய் இருக்கிற இடத்தில் அவர்கள்தான் என்ன செய்வார்கள்?

தாம்பரத்தான்:
நான் யாரையும் பழி சொல்லவில்லை. "ஊசி போட்டாச்சு" என்பதற்குப் பதில் "ஒரு ஊசிதான் ஆகியிருக்கு, இன்னும் இரண்டு பாக்கி" என்று சொல்லியிருக்கலாம். அவ்வளவுதான்.

கோவை பைரவி:
எங்களுடையது வளர்ந்த பெண் நாய். சாப்பிடாமல் படுத்தே கிடந்தது. டாக்டர் உதட்டை மடித்து ஈறைக் காட்டினார், சுண்ணாம்பு மாதிரி வெளுப்பு. உண்ணிக் காய்ச்சல். டாக்ஸிசைக்ளின் மாத்திரை 28 நாள், அது மலிவுதான். பிளேட்லெட் ஏறியதா என்று திரும்பத் திரும்ப ரத்தம் எடுத்தார்களே, அதில்தான் பர்ஸ் காலி.

ஓய்வுபெற்றவன்:
எங்கள் நாய்க்கும் உண்ணிக் காய்ச்சல் வந்தது, சரியாகிவிட்டது. புதிதாக எடுப்பவர்களுக்குச் சில விஷயம் சொல்கிறேன். அட்டையில் தேதி மட்டும் இருந்தால் போதாது, ஊசி மருந்துக் குப்பியின் ஸ்டிக்கர் ஒட்டியிருக்கிறதா பாருங்கள். வீட்டில் வேறு நாய் இருந்தால் புதியதை இரண்டு வாரம் தனி அறையில் வையுங்கள். பார்வோ வந்த வீட்டில் ஃபினாயில் ஊற்றித் துடைப்பதை நம்பாதீர்கள். அழுக்கை முதலில் கழுவிவிட்டு, ப்ளீச் ஒரு பங்குக்குத் தண்ணீர் 30 பங்கு கலந்து ஊற்றிப் பத்து நிமிஷம் ஊறவிட வேண்டும். மண்ணில் அந்தக் கிருமி மாதக்கணக்கில் உயிரோடு கிடக்கும், ஊசி முடியாத குட்டியைத் தோட்டத்தில் விடாதீர்கள். சென்னைக்காரர்கள் வேப்பேரி கால்நடை மருத்துவக் கல்லூரிக்குப் போகலாம். 1903-லிருந்து இருக்கிற கல்லூரி. கட்டணம் தனியாரைவிட மிகக் குறைவு. கூட்டம் இருக்கும், காலையிலேயே போய்ச் சீட்டு வாங்குங்கள். இன்சூரன்ஸ் எடுத்தால் ஏற்கெனவே உள்ள நோய்க்குப் பெரும்பாலும் தர மாட்டார்கள், படித்துப் பார்த்துக் கையெழுத்துப் போடுங்கள்.

தாம்பரத்தான்:
ஐயா, வேப்பேரி எனக்கும் தெரியும். ராத்திரி பதினொன்றரைக்குக் குட்டி ரத்தமாகப் போகும்போது பக்கத்தில் எது திறந்திருக்கிறதோ அங்கேதான் ஓட முடியும்.

மதுரை மல்லி:
கருத்தடை ஆபரேஷனுக்குக் கூட்டிப்போன இடத்தில், பிறப்புறுப்பில் கட்டி இருக்கிறது, முதலில் அதைக் கவனிக்கணும் என்றார்கள். தெரு நாய்களிடம் இணை சேரும்போது தொற்றுகிற புற்றுக்கட்டியாம். வாரம் ஒரு வின்கிரிஸ்டின் ஊசி, ஒவ்வொரு ஊசிக்கு முன்னாலும் ரத்தப் பரிசோதனை. கட்டி கரைந்துவிட்டது. "தெருநாய்க்குப் போய் கேன்சர் ஊசியா?" என்று மாமியார் கேட்டார். இப்போது அவர் கையால் ஊட்டினால்தான் அது சாப்பிடுகிறது. ஆமாம் தாம்பரம், குட்டி பிழைத்ததா இல்லையா, அதைச் சொல்லவே இல்லையே?

தாம்பரத்தான்:
பிழைத்தது. மீதி ஊசியும் போட்டாச்சு. இந்தத் தடவை ஸ்டிக்கர் பார்த்தேன்.