ஹேடன் பண்டன்: ஆல்பரி கால ஆட்டக் கணக்கு, உதவி தேவை

மெல்போர்ன் அணியான ஃபிட்ஸ்ராய்க்காக 1931, 32, 35இல் பிரவுன்லோ பதக்கம் (விக்டோரியா லீக்கின் சிறந்த வீரர் விருது), பெர்த் அணியான சுபியாக்கோவில் 1938, 39, 41இல் சாண்டோவர் பதக்கம் (மேற்கு ஆஸ்திரேலிய லீக்கின் அதே விருது) வாங்கிய ஆஸ்திரேலிய ஃபுட்பால் வீரர் இவர். அந்தக் கணக்கில் சிக்கல் இல்லை. சிக்கல் அதற்கு முந்தைய நாட்டுப்புற ஆட்டங்களில்தான். ஆட்டத்துக்கு அதிகபட்சம் 3 பவுண்டு சம்பளம் என்ற விக்டோரியா லீக்கின் கூல்டர் விதியை மீறி ஃபிட்ஸ்ராய் பணம் தர முன்வந்ததால் 1930இல் அந்த லீக்கில் ஆட அனுமதி மறுக்கப்பட்டு, நியூ சவுத் வேல்ஸில் உள்ள சொந்த ஊரான ஆல்பரி பக்கமே ஆடினாரே, அந்த ஆண்டுதான் முக்கியம்.

ஆஸ்திரேலிய தேசிய நூலகத்தின் ட்ரோவ் தளத்துப் பழைய செய்தித்தாள்களில் வெறும் 'பண்டன்' என்றே போடுகிறார்கள். அண்ணன் கிளீவரும் (பின்னாளில் ஆல்பரி மேயர், 1975இல் செனட்டர்) அதே ஊர்க்காரர். முதலெழுத்து இல்லாத பெயர்களை எப்படிப் பிரிக்கிறீர்கள்?

ஸ்கேன் எழுத்துகளில் புள்ளி விழுந்து 12.8 (12 கோல், 8 பிஹைண்டு) என்பது 128 ஆகிவிடுகிறது. கோலுக்கு 6 புள்ளி, பிஹைண்டுக்கு (கோல் கம்பத்துக்கும் வெளிக் கம்பத்துக்கும் நடுவே போகும் பந்து) 1 புள்ளி என்று பெருக்கிக் கூட்டி, பக்கத்திலுள்ள மொத்தம் 80தானா என்று பார்த்தால் பிடிபடும். மொத்தமே அச்சாகாத இடங்களுக்கு வழி உண்டா? பத்திரிகைத் தேதியை ஆட்டத் தேதியாக எழுதிய பட்டியல்கள் வேண்டாம். ஒரே ஆட்டம் இரண்டாக எண்ணப்படுவது அதனால்தான். 1928 முதல் 1930 வரை அணிப் பட்டியல் படம் வைத்திருப்பவர்கள் பக்க எண்ணோடு போடுங்கள்.