ஸ்காட்லாந்து ஹைலேண்ட்ஸ் மூன்று நாள் டூர்: வயதான அப்பா அம்மாவுக்கு ஒத்துவருமா?

கல்மண்டபம்_பையன்:

எல்லாருக்கும் வணக்கம். நான் ராயபுரம். தங்கச்சி எடின்பரோவில் நர்ஸாக இருக்கிறாள். ஜூலை முதல் வாரம் அப்பா அம்மாவைக் கூட்டிக்கொண்டு போகிறேன். விசா வந்துவிட்டது, டிக்கெட்டும் போட்டாச்சு. ஆடி பிறப்பதற்குள் திரும்பிவிட வேண்டும் என்று அம்மா இப்போதே கெடு வைத்துவிட்டார், எங்கள் தெருவில் கூழ் ஊற்றுவது அவர் பொறுப்பு.

தங்கச்சிக்கு லீவ் கிடைப்பது கஷ்டம். அதனால் நாங்கள் மூன்று பேர் மட்டும் ஏதாவது டூரில் சேர்ந்து ஹைலேண்ட்ஸ் பார்த்துவிட்டு வரலாம் என்று யோசனை. ஒரே நாளில் லாக் நெஸ் ஏரி வரைக்கும் போய் ராத்திரி திரும்புகிற பெரிய பஸ் இருக்கிறது. 16 பேர் போகிற சின்ன வண்டியில் ஸ்கை தீவு வரை மூன்று நாள் டூரும் இருக்கிறது. இல்லையென்றால் நானே கார் எடுத்து ஓட்டலாம்.

அப்பா துறைமுகத்தில் கிரேன் ஓட்டி ரிட்டையர் ஆனவர். மூட்டு வலி, சுகர். அம்மாவுக்கு ஊர் சுற்றுவது என்றால் திருப்பதியும் வேளாங்கண்ணியும்தான். இங்கிலீஷ் இரண்டு பேருக்கும் வராது. மூன்று நாள் கைடு பேசுவதைக் கேட்டுக்கொண்டு சும்மா உட்கார்ந்திருப்பார்களா? சாப்பாடு, பாத்ரூம், குளிர் எல்லாம் எப்படி? போய்வந்தவர்கள் சொல்லுங்கள்.

பெரம்பூர்_லோகோ:

தம்பி, ரயிலைப் பற்றி ஒரு வார்த்தை கேட்கவில்லையே! கிளாஸ்கோவிலிருந்து ஃபோர்ட் வில்லியம் வழியாக மல்லெய்க் வரை ஒரு லைன் போகிறது. ரானக் மூர் என்று ஒரு பெரிய சதுப்பு நிலம். அடியில் கெட்டித் தரையே கிடைக்காமல், மரக்கிளைகளையும் புதர்க்கட்டுகளையும் மண்ணையும் கொட்டி அதன்மேல் தண்டவாளம் போட்டிருக்கிறான். இன்றைக்கும் அதன்மேல்தான் வண்டி ஓடுகிறது. அடுத்து கிளென்ஃபின்னன் பாலம், 21 வளைவு, முழுக்க கான்கிரீட், 1901-லேயே திறந்தது. ஹாரி பாட்டர் சினிமாவில் பார்த்துவிட்டு எல்லாரும் நீராவி வண்டிக்கு அடித்துக்கொள்கிறார்கள். அதே பாலத்தின் மேல் சாதாரண பாசஞ்சர் வண்டியும் போகிறது, டிக்கெட் எவ்வளவோ குறைவு. உள்ளேயே பாத்ரூம் இருக்கிறது, அப்பா காலை நீட்டி உட்காரலாம். மல்லெய்க்கிலிருந்து ஸ்கை தீவுக்குப் படகு உண்டு.

கார் வேண்டாம். இடது பக்கம் ஓட்டுவது நம் ஊர் மாதிரிதான், நம் லைசென்ஸும் செல்லும். ஆனால் ஸ்கையில் பல ரோடு ஒற்றை வண்டி அகலம். எதிரே வண்டி வந்தால் ஒதுங்க அங்கங்கே இடம் விட்டிருப்பார்கள், அதைக் கணக்குப் பண்ணியே ஓட்டுகிறவன் கண் போய்விடும்.

தண்டையார்பேட்டை_மருமகள்:

லோகோ சார் சொன்ன ரயில் அருமைதான். ஆனால் ரயிலில் கதை சொல்ல ஆள் இல்லை சார். அந்த ஊரில் கதை தெரியாமல் பார்த்தால் மலை, மழை, ஆடு, திரும்பவும் மலை.

தம்பி, நான் மாமியாரைக் கூட்டிக்கொண்டு அந்தச் சின்ன வண்டி டூர் போனவள். தைரியமாகப் போங்கள். பெரிய பஸ்ஸில் ஒரு நாள் டூர் மட்டும் வேண்டவே வேண்டாம். போகவர 500 கிலோமீட்டருக்கு மேல். என் நாத்தனார் குடும்பம் அப்படித்தான் போனது. கிளென்கோ பள்ளத்தாக்கில் இறக்கி, போட்டோ எடுத்து முடிப்பதற்குள் ஏறு ஏறு என்று விரட்டியிருக்கிறார்கள். லாக் நெஸ் போய்ச் சேர்ந்தபோது பசங்கள் தூங்கிவிட்டார்கள்.

சின்ன வண்டியில் டிரைவரேதான் கைடு. காதில் மைக்கை மாட்டிக்கொண்டு, ஓட்டிக்கொண்டே பேசுவார். டூர் தேறுவதும் தேறாததும் அந்த ஒரு ஆள் கையில்தான் இருக்கிறது. அதனால் விமர்சனம் படிக்கும்போது ஓட்டல், சீட் என்பதையெல்லாம் தள்ளிவிட்டு, கைடைப் பற்றி என்ன எழுதியிருக்கிறார்கள் என்று பாருங்கள். அவர் பேசுகிற இங்கிலீஷ் முதல் அரை மணி நேரம் உங்களுக்கே பிடிபடாது. அம்மாவுக்கு நீங்கள்தான் சொல்ல வேண்டும். நான் கிளம்புவதற்கு முன்பே நாலு கதையைத் தெரிந்து வைத்துக்கொண்டேன், வண்டியில் மாமியார் காதில் அதையே தமிழில் ஓட்டினேன்.

முதல் நாளே கிளென்கோ வரும். அங்கே மெக்டொனால்ட் குலத்துக்காரர்கள் இருந்தார்கள். புது ராஜாவுக்கு விசுவாசப் பிரமாணம் எடுக்க 1692 ஜனவரி 1 கெடு. அவர்கள் தலைவர் கிழவர், போனது தப்பான ஊர். இங்கே இல்லை, இன்வரரேயில் போய் எடு என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள். பனியில் அலைந்து போய்ச் சேர்வதற்குள் தேதி தாண்டிவிட்டது. அப்புறம் கேம்ப்பெல் என்ற கேப்டன் தலைமையில் பட்டாளம் வந்தது. அந்த வீடுகளிலேயே தங்கி, அவர்கள் போட்டதைச் சாப்பிட்டு, சீட்டாடி, கிட்டத்தட்ட இரண்டு வாரம். பிப்ரவரி 13 விடிவதற்கு முன் எழுந்து, தங்கவைத்தவர்களையே வெட்டினார்கள். 38 பேர் வரை செத்தார்கள், தப்பி ஓடினவர்களிலும் பலர் பனியில் விறைத்துப் போனார்கள்.

மாமியார் கொஞ்ச நேரம் ஜன்னலையே பார்த்துக்கொண்டிருந்தார். அப்புறம் வண்டிக்கே கேட்கிற மாதிரி, "சோறு போட்ட வீட்டுக்கா ரெண்டகம் பண்ணானுங்க, பாவிங்க!" என்றார். என்ன சொல்கிறார் என்று கைடு கேட்டார். நான் சொன்னதும் மைக்கில் எல்லாருக்கும் அறிவித்துவிட்டார். அந்தப் பள்ளத்தாக்கில் ஒரு பழைய விடுதி இருக்கிறது. கூவி விற்பவர்களுக்கும் கேம்ப்பெல்களுக்கும் உள்ளே அனுமதி இல்லை என்று இன்றைக்கும் அங்கே பலகை வைத்திருக்கிறார்கள். விளையாட்டுக்குத்தான். ஆனால் அது தெரிந்ததும் மாமியாருக்கு இருந்த திருப்தியைப் பார்க்க வேண்டுமே. அன்றிலிருந்து அவருக்கு முன் சீட்.

இன்னொன்று. ஸ்கை போகிற வழியெல்லாம் பச்சைப் பசேலென்று இடம் கிடக்கும், கூரை இல்லாத கல் வீடுகள் நிற்கும், ஆள் இருக்காது. "இவ்ளோ எடம் கெடக்குது, மனுசங்க எங்கடி?" என்று கேட்டார். 18, 19-ஆம் நூற்றாண்டுகளில் ஆடு வளர்த்தால் லாபம் என்று நிலக்காரர்கள் குடியானவர்களைக் கிளப்பி விட்டார்கள். சில இடங்களில் திரும்பி வராமல் இருக்க வீட்டுக்குத் தீயே வைத்தார்கள். ஜனம் கனடா, ஆஸ்திரேலியா என்று கப்பல் ஏறிவிட்டது. இதைச் சொன்னதும் மாமியார், கால்வாய் ஓரம் இருந்த தன் அக்கா குடும்பத்தைப் பெயர்த்துப் பெரும்பாக்கத்தில் கொண்டுபோய்ப் போட்ட கதையை ஆரம்பித்துவிட்டார். ஏரி, கோட்டை எல்லாம் வந்து போனது, அந்தப் பேச்சு நிற்கவில்லை. இங்கிலீஷ் வராதவர்களுக்கு அங்கே என்ன புரியும் என்கிற கவலை உங்களுக்கு வேண்டாம்.

சரி, மூட்டு வலி விஷயம். வண்டியில் ஏறும் முதல் படியே உயரம், கை கொடுத்து ஏற்றுங்கள். ஸ்கையில் ஸ்டோர் பாறையைக் கீழே ரோட்டிலிருந்தே பார்க்கலாம், ஏற வேண்டாம், செங்குத்து. கில்ட் ராக் அருவி வண்டி நிற்கிற இடத்துக்குப் பக்கத்திலேயே. குயிரெங் என்கிற மலைச்சரிவில் மேலே வரை வண்டி போகும், இறங்கி நின்றாலே போதும். ஃபேரி பூல்ஸ் என்கிற ஓடைக் குளங்களை அப்பாவுக்கு விட்டுவிடுங்கள், போகும்போது இறக்கம் என்று சந்தோஷப்பட்டால் வரும்போது ஏற்றம். ஐலன் டோனன் கோட்டைக்குப் போகிற பாலம் சமதளம், உள்ளேதான் குறுகல் படி. 1719-ல் வெடிவைத்துத் தகர்த்ததை 1932-ல்தான் கட்டி முடித்தார்கள், வெளியே நின்று பார்ப்பதுதான் அழகு. லாக் நெஸ் ஓரத்து அர்க்கார்ட் கோட்டையில் இறங்கி ஏற வேண்டும்.

கடைசி நாள் கல்லோடன் போர்க்களத்துக்குப் போகிற டூராகப் பாருங்கள். எல்லாம் சமவெளி, அப்பா மெதுவாக நடக்கலாம். 1746 ஏப்ரல் 16, ராஜாவின் பட்டாளத்தோடு ஒரு மணி நேரம்கூட நடக்காத சண்டை. அதில்தான் ஹைலேண்ட் குலங்களின் பழைய வாழ்க்கை முடிந்தது. குலம் குலமாகப் புதைத்த இடத்தில் பெயர் வெட்டின கல் நட்டிருக்கிறார்கள்.

வண்டிக்குள் பாத்ரூம் கிடையாது. ஒன்றரை, இரண்டு மணி நேரத்துக்கு ஒரு தடவை நிறுத்துவார்கள். அவசரம் என்றால் கூச்சப்படாமல் சொல்லுங்கள், வழியில் நிறுத்துவார். சில இடத்தில் காசு கேட்கும், சில்லறை வைத்துக்கொள்ளுங்கள்.

சாப்பாடு: காலையில் தங்கும் வீட்டிலேயே முட்டை, ரொட்டி, கஞ்சி எல்லாம் பலமாகக் கிடைக்கும். மதியம் சூப், வேகவைத்த உருளைக்கிழங்கு, மீன் வறுவல். ஆட்டு ஈரல், இதயம், நுரையீரலை ஓட்ஸோடு சேர்த்து அவிக்கிற ஹேகிஸ் என்று ஒன்று உண்டு. வெளிநாட்டுக்காரர்கள் மூக்கைப் பிடிப்பார்கள். ஞாயிற்றுக்கிழமை போட்டி வறுவல் சாப்பிட்டு வளர்ந்த நமக்கு அது மிளகு பத்தாத நம் ஊர் அயிட்டம், அவ்வளவுதான். ராத்திரிதான் பிரச்சினை, சீக்கிரம் அடுப்பை அணைத்துவிடுவார்கள். வெளியே பத்து மணி வரை வெளிச்சம் இருக்கும், அதை நம்பி ஊர் சுற்றிவிட்டுப் போனால் பட்டினி. அப்பாவுக்கு சுகர் வேறு. ரூமில் கெட்டில் இருக்கும், வெந்நீர் ஊற்றினால் ஆகிற உப்புமா, அவல் கொண்டு போங்கள். இறைச்சி, பால் பொருள் எதையும் அந்த நாட்டுக்குள் விடமாட்டார்கள். அம்மா தங்கச்சிக்கென்று பால்கோவா கட்டினால் தடுத்துவிடுங்கள்.

ஜூலையில் 12-லிருந்து 18 டிகிரி. குடை வேண்டாம், காற்று பிடுங்கிக்கொண்டு போகும். தொப்பி வைத்த மழைக் கோட்டு நல்லது. அப்பாவின் மங்கி கேப் கட்டாயம். காற்று நின்ற சாயங்காலம் மிட்ஜ் என்கிற பொடிப் பூச்சி கூட்டமாகக் கிளம்பும். நம் கொசு கடித்துவிட்டுப் போய்விடும், இது தலைமுடிக்குள் புகும். அங்கேயே கடையில் மருந்து விற்கிறார்கள்.

ஓய்வு_வாத்தியார்_கொருக்குப்பேட்டை:

மருமகள் அம்மா எழுதியதைப் படித்ததும் கை சும்மா இருக்கவில்லை. நான் அங்கே போனதில்லை, சரித்திரம் நடத்தினவன்.

இன்வர்னஸுக்கு வடக்கே ஆல்னஸ் என்ற ஊருக்கு அருகில் ஃபைரிஷ் என்று ஒரு குன்று, 450 மீட்டருக்கு மேல். அதன் உச்சியில் நிற்கிற கல் வளைவுகள் நம் நாகப்பட்டினத்துக் கோட்டை வாசலைப் பார்த்துக் கட்டியவை என்பார்கள். கட்டியவர் சர் ஹெக்டர் மன்றோ, அந்த ஊர் ஜமீன்தார். தீவுத்திடலில் குதிரை மேல் இருக்கிறாரே, அந்த மன்றோ இல்லை. அவர் தாமஸ், கிளாஸ்கோவில் பிறந்தவர். இந்த ஹெக்டர் 1780-ல் கம்பெனியின் சென்னைப் படைக்குத் தளபதி. அந்தச் செப்டம்பரில் காஞ்சிபுரம் பக்கம் பொள்ளிலூரில் ஹைதரும் திப்புவும் கம்பெனி கர்னல் பெய்லியின் படையைச் சுற்றி வளைத்து அழித்தபோது, சில மைல் தூரத்தில் இருந்தும் இவர் போய்ச் சேரவில்லை. பெரிய பீரங்கிகளைக் காஞ்சிபுரத்துக் குளத்தில் தள்ளிவிட்டுச் செங்கல்பட்டுக்குப் பின்வாங்கினார். மறு வருஷம் டச்சுக்காரர்களிடமிருந்து நாகப்பட்டினத்தைப் பிடித்தார். ஊருக்குப் போய் மலை உச்சியில் எதைக் கட்டினார் பாருங்கள். குளத்துப் பீரங்கிக்கு நினைவுச் சின்னம் கிடையாது.

வேலையில்லாமல் இருந்த ஊர் ஜனத்துக்குக் கூலி கொடுக்கத்தான் கட்டினார் என்றும் சொல்வார்கள். கூலி நாள் கூட வேண்டும் என்று கல்லை மேலிருந்து உருட்டிவிட்டுத் திரும்பவும் ஏற்றச் சொன்னாராம். இது ஊர்க் கதை, அப்படியே எடுத்துக்கொள்ளுங்கள்.

சென்னையில் சுவடி சேர்த்த காலின் மெக்கன்சியும் அந்தப் பக்கத்து ஆள்தான், லூயிஸ் தீவில் ஸ்டார்னவே. உங்கள் டூர் அங்கே போகாது.

கல்மண்டபம்_பையன்:

அக்கா, சார், இருவருக்கும் ரொம்ப நன்றி. லோகோ சார், ரயிலை அடுத்த தடவைக்கு வைத்துக்கொள்கிறேன். நாகப்பட்டினம் விஷயத்தை அப்பாவிடம் படித்துக் காட்டினேன். "எடுத்துட்டுப் போனான்னா சரி, அத மாதிரியே எதுக்குக் கட்டினான்?" என்று கேட்டுக்கொண்டே இருக்கிறார். பார்த்தே ஆக வேண்டுமாம். மூன்று நாள் டூரில் அந்தக் குன்றும் வருமா?

தண்டையார்பேட்டை_மருமகள்:

வராது தம்பி. ஸ்கை டூர் இன்வர்னஸ் வந்ததும் தெற்கே திரும்பிவிடும், ஃபைரிஷ் அதற்கு வடக்கே. குன்று ஏறி இறங்க இரண்டு மூன்று மணி நேரம் ஆகும், அப்பா மூட்டுக்கு ஆகாது. ஆனால் உச்சியில் இருப்பதால் கீழிருந்தே தெரியும். தங்கச்சிக்கு ஒரு நாள் லீவ் கிடைத்தால் இன்வர்னஸில் கூடுதலாக ஒரு ராத்திரி தங்கி, மறுநாள் ரயிலில் ஆல்னஸ் போய் அப்பாவுக்குக் காட்டிவிட்டு வாருங்கள். டூர்க்காரர்களிடம் இன்வர்னஸிலேயே இறங்கிக்கொள்கிறோம் என்று முன்கூட்டியே கேட்டுப் பாருங்கள்.

அதற்கு முன் இன்றைக்கே ரூமைப் பாருங்கள். பல டூரில் சீட்டுக்கு மட்டும்தான் பணம், தங்குவது தனி. ஸ்கையில் தங்குகிற போர்ட்ரீ சின்ன ஊர், ஜூலையில் நிரம்பிவிடும். பழைய வீடுகளில் லிஃப்ட் இருக்காது, கீழ்த்தள ரூம் வேண்டும் என்று அடித்துக் கேளுங்கள். போர்ட்ரீயில் கிடைக்காவிட்டால், வண்டி ஸ்கையிலேயே இருக்கிற கைலேக்கின் பக்கம் தங்குகிற டூர் எது என்று பாருங்கள். பெரிய பெட்டியைத் தங்கச்சி வீட்டில் போட்டுவிடுங்கள், வண்டியில் ஆளுக்கு ஒரு சின்னப் பை தவிர ஏற்ற மாட்டார்கள்.