கலைச்சொல்: ‘நோயெதிர்ப்பு ஒடுக்கிக் களிம்பு’ சரியா? (ரோசேசியா பதிவு)

அனைவருக்கும் வணக்கம்.

தோல்நோய்ச் சொற்பட்டியலில் டாக்ரோலிமஸ், பிமெக்ரோலிமஸ் என்ற பூச்சு மருந்துகள் இரண்டையும் ‘நோயெதிர்ப்பு ஒடுக்கிக் களிம்பு’ என்று போட்டிருக்கிறோம். இதை மாற்றியே ஆக வேண்டும். ஸ்டீராய்டும் நோயெதிர்ப்பை ஒடுக்குவதுதானே? முகத்தில் வாரக்கணக்கில் ஸ்டீராய்டு பூசினால் ரோசேசியா (முகம் நீடித்துச் சிவக்கும் தோல்நோய்) போலவே சிவப்பும் கொப்புளமும் கிளம்பும். நிறுத்தினால் சில நாளில் முன்னைவிட மோசமாகத் திரும்பும், மறுபடி பூசத் தோன்றும். அந்தச் சுழலிலிருந்து ஆளை வெளியே கொண்டுவரத்தான் மருத்துவர்கள் பலர் டாக்ரோலிமஸை எழுதுகிறார்கள். நோயைக் கிளப்பிய மருந்துக்கும் அதிலிருந்து மீட்கும் மருந்துக்கும் ஒரே பெயர் வைக்கலாமா?

என் முன்மொழிவு: கால்சினியூரின் தடுப்பிக் களிம்பு.

-----

> கால்சினியூரின் தடுப்பிக் களிம்பு

வேறுபடுத்த வேண்டும் என்பதில் உடன்படுகிறேன். ஆனால் கால்சினியூரின் என்றால் படிப்பவருக்கு என்ன விளங்கும்? எனக்கு உறுத்துவது ‘ஒடுக்கி’. உடம்பின் எதிர்ப்பாற்றல் முழுதும் போய்விடும் என்ற பயத்தை அந்தச் சொல்லே ஊட்டுகிறது. பூசும்போது ரத்தத்தில் சேர்வது மிகச் சிறிய அளவு. 2006-இல் அமெரிக்காவில் மருந்தின் விவரத்தாளில் கட்டமிட்டுப் புற்றுநோய் எச்சரிக்கை சேர்த்தார்கள். களிம்புதான் காரணம் என்று அப்போதும் நிறுவப்படவில்லை. ‘எதிர்ப்புத் தணிப்பி’ என்றால் மென்மையாகவும் தமிழாகவும் இருக்குமே.

-----

> எதிர்ப்புத் தணிப்பி

மென்மைதான், ஆனால் இங்கே அதுவே கெடுக்கும். இந்த மருந்தைப் பூசிய முதல் சில நாள் முகம் எரியும். ரோசேசியாத் தோல் ஏற்கெனவே எளிதில் எரிச்சல் காண்பது, அதில் இன்னும் கூடுதலாகவே எரியும். ‘தணிப்பி’ என்று படித்தவர் எரிந்ததும் ஒவ்வாமை என்று நினைத்து மூன்றாம் நாளே குழாயை எறிந்துவிடுவார்.

‘தடுப்பி’ வேலையைச் சரியாகச் சொல்கிறது. டாக்ரோலிமஸ் டி செல் என்ற நோயெதிர்ப்பு வெள்ளணுவுக்குள் போய் ஒரு புரதத்தோடு இணைகிறது. அந்த இணை கால்சினியூரின் என்ற நொதியை முடக்குகிறது. நொதி ஓடினால்தான் இன்டர்லூக்கின்-2 போன்ற அழற்சித் தூதுகளுக்கான மரபணு முடுக்கப்படும். கொலாஜன் உற்பத்தியில் இந்த மருந்து கைவைப்பதில்லை, அதனால் ஸ்டீராய்டைப் போலத் தோலை மெலிய வைப்பதில்லை. நாம் காட்ட விரும்பும் வேறுபாடு முழுதும் அந்த நொதியின் பெயரில்தான் இருக்கிறது. எனவே அது ஒலிபெயர்ப்பாகவே நிற்கட்டும்.

என் மறுப்பு ‘களிம்பு’ மேல். டாக்ரோலிமஸ் 0.03, 0.1 சதவீதக் களிம்பாக வருகிறது. எண்ணெய்ப் பசை அடித்தளம். பிமெக்ரோலிமஸ் 1 சதவீதக் கிரீம். ரோசேசியாவில் இது சின்ன விஷயம் அல்ல: பிசுபிசுப்பான அடித்தளம் தோலை மூடி வெப்பத்தை அடைக்கும், கொப்புளம் உள்ளவருக்கு அதுவே தொல்லை. இரண்டுக்கும் பொதுப்பெயர் மேற்பூச்சுக் கால்சினியூரின் தடுப்பி என்றிருக்கட்டும். ‘மேற்பூச்சுக் களிம்பு’ என்று மட்டும் எழுத வேண்டாம், பூசாத களிம்பு ஏது?

-----

‘மேற்பூச்சுக் கால்சினியூரின் தடுப்பி’யை ஏற்கிறேன். விளக்கத்தில் கீழ்க்கண்டவை விடுபடக் கூடாது.

அனுமதி கிடைத்தது எக்சிமாவுக்கு (டாக்ரோலிமஸ் 2000, பிமெக்ரோலிமஸ் 2001). ரோசேசியாவுக்கு மருத்துவர் தன் மதிப்பீட்டில் எழுதுவது. அதிகம் கைகொடுப்பது சிவப்புக்கும் ஸ்டீராய்டால் வந்த வகைக்கும். பருவும் சீழ்க்கொப்புளமும் மேலோங்கிய வகைக்கு முதலில் மெட்ரோனிடசோல், அசலாயிக் அமிலம், ஐவர்மெக்டின் ஆகியவையே. விரிந்த ரத்தக்குழாய்களை இது மறைக்காது.

பூசும் முறை: முகம் கழுவி ஈரம் முழுதும் உலர்ந்த பின், மெல்லிய படலமாக, வழக்கமாக நாளுக்கு இருமுறை. சுட்டுவிரல் நுனியிலிருந்து முதல் மடிப்புவரை பிதுக்கினால் சுமார் அரை கிராம். முகமும் கழுத்தும் முழுதும் பூச இப்படி இரண்டரை முறை போதும், பாதித்த இடத்துக்கு மட்டும் என்றால் இன்னும் குறைவு. கட்டுப் போட்டு மூடக் கூடாது, வெயில் படாமல் காக்க வேண்டும். இதைப் பூசும் காலத்தில் மது அருந்தினால் சிலருக்கு முகம் குப்பென்று சிவக்கும். அதை நோய் முற்றியதாக எண்ணிக் கூடுதலாகப் பூசிவிடுகிறார்கள்.

இன்னொன்று: இதே மருந்தே சிலருக்கு ரோசேசியா போன்ற பருக்களைக் கிளப்பியிருக்கிறது. மயிர்க்கால்களில் வாழும் டெமோடெக்ஸ் என்ற நுண்ணிய உண்ணி பெருகுவது ஒரு காரணமாகச் சொல்லப்படுகிறது. முதலில் நன்றாகி, பிறகு சீழ்ப்பருக்கள் கூடினால் பூசுவதை நிறுத்திவிட்டு மருத்துவரிடம் காட்ட வேண்டும்.

ரோசேசியாவுக்கு யாரோ தந்த ‘செம்முகப்படை’யை நீக்கிவிடலாம். ‘படை’ என்றதும் தொற்றுப் பூஞ்சைதான் மனதில் வரும். கருத்த தோலில் சிவப்பு கண்ணில் படாமலே போகும். சூடும் குத்தலும்தான் அங்கே அடையாளம். பெயரிலேயே ‘செம்’ இருந்தால், நம் வாசகர்களில் பலர் இந்த நோய் தமக்கில்லை என்று பக்கத்தைத் தள்ளிவிடுவார்கள். ‘ரோசேசியா’ என்றே வைப்போம்.

-----

சரி. பட்டியலில் திருத்திவிட்டேன். ‘தடுப்பி’ வரும் மற்றப் பதிவுகளையும் பார்த்தேன்: ‘நோய்த்தடுப்பி’ என்று தடுப்பூசி மருந்துக்கு ஓரிடத்தில் எழுதியிருக்கிறோம். அது எதிர்ப்பை வளர்ப்பது, இது அடக்குவது. அங்கே ‘தடுப்பு மருந்து’ என்று மாற்றட்டுமா?