செய்தி வாசிக்கக் குரல் போதுமா? சரோஜ் நாராயணஸ்வாமி பற்றி ஒரு கேள்வி

மலைக்கோட்டை_வாசி: வானொலியில் தற்காலிகச் செய்தி வாசிப்பாளர் தேர்வுக்கு விண்ணப்பித்திருக்கிறேன். வீட்டில் எல்லாரும், அந்தக் காலத்தில் ஆகாசவாணியில் டெல்லியிலிருந்து தமிழ்ச் செய்தி வாசித்த "சரோஜ் நாராயணஸ்வாமி மாதிரி வாசிக்கணும்" என்கிறார்கள். பழைய பதிவுகளைக் கேட்டேன், கம்பீரம்தான். அந்தக் குரல் பயிற்சியில் வந்ததா? அவர் எப்படி இந்த வேலைக்கு வந்தார்?

பழைய_மைக்: குரலை விடுங்கள் தம்பி, ஆங்கிலம் எப்படி? கிண்டல் இல்லை. நான் ஒரு மாநிலச் செய்திப் பிரிவில் கேஷுவலாக, அதாவது தற்காலிகமாக வாசித்தவன். அந்த வேலைக்குப் பெயரே செய்தி வாசிப்பாளர் மற்றும் மொழிபெயர்ப்பாளர். சரோஜ் அம்மா காலத்தில் டெல்லியில் செய்தி அறையிலிருந்து ஆங்கிலத்தில் தாள் தாளாக வரும். அதைத் தமிழாக்கி வாசிக்க வேண்டியிருந்தது. காலை 7.15 செய்திக்கு விடியும் முன்பே உட்கார்ந்தால்தான் ஆகும். கடைசி நேரத்தில் முக்கியமாக ஒன்று வந்துவிட்டால், பாடுபட்டு எழுதியதைத் தூக்கி ஓரமாக வைக்க வேண்டியதுதான்.

சரோஜ் அம்மாவுக்குப் பூர்வீகம் தஞ்சாவூர், வளர்ந்தது பம்பாய். டெல்லியில் வங்கி வேலை பார்த்துவிட்டு வானொலிக்கு வந்தார். தமிழ்நாட்டில் வளராத ஒருவர் சுமார் 35 ஆண்டுகள் தமிழ்நாட்டுக்குச் செய்தி சொன்னார், பாருங்கள்! 2009இல் கலைமாமணி விருது. 2022 ஆகஸ்டில் மும்பையில் காலமானார், வயது 87.

என்னைக் கேட்டால், கம்பீரத்தைவிட அவருடைய நிதானம் பெரிது. ஆங்கில வாக்கியத்தை அதே நீளத்தில் தமிழாக்கினால் வினைச்சொல் வருவதற்குள் மூச்சு போய்விடும். தானே எழுதி வாசிப்பவருக்குத்தான் எங்கே வெட்டுவது என்று தெரியும்.

நாடகப்பித்தன்: ஐயா குரலை ரொம்பவும் தள்ளிவிடுகிறார். பூர்ணம் விஸ்வநாதனை நடிகராகத்தான் பலருக்குத் தெரியும். 1947 ஆகஸ்ட் 15 அன்று சுதந்திரச் செய்தியை டெல்லியிலிருந்து தமிழில் வாசித்தவர் அவர். மேடைப் பழக்கம் உதவாமலா இருந்திருக்கும்?

பழைய_மைக்: உச்சரிப்புக்கு உதவும், சரி. ஆனால் மைக் முன்னால் நடிக்கக் கூடாது. தேர்தல் முடிவானாலும் புயலானாலும் அதே குரல்தான்.

கரிசல்காடு: குரல் மேல் அவ்வளவு நம்பிக்கை வைத்த ஜனங்கள் 1984 அக்டோபர் 31 அன்று பிபிசியைத்தான் திருப்பினார்கள். இந்திரா காந்தி சுடப்பட்டது காலையில். இறந்துவிட்டார் என்று நம் வானொலி சொன்னது மாலையில்.

பழைய_மைக்: உண்மைதான். அரசாங்க வானொலி. மேலிருந்து வராமல் வாசிப்பவர் வாய் திறக்க முடியாது. இந்த வேலைக்குப் போகிறவர் இதையும் தெரிந்துகொண்டு போவது நல்லது.

மலைக்கோட்டை_வாசி: நன்றி ஐயா. அப்புறம், எழுத்துத் தேர்வுக்கு எப்படித் தயாராவது?

பழைய_மைக்: ஆங்கில நாளிதழின் முதல் பக்கத்தில் தினமும் இரண்டு செய்தியைத் தமிழாக்குங்கள். செல்போனில் பதிவு செய்து, தாளைப் பார்க்காமல் கேளுங்கள். யார் என்ன செய்தார் என்பது முதல் தடவையிலேயே பிடிபடாவிட்டால் திரும்ப எழுதுங்கள். வெளிநாட்டுத் தலைவர் பெயர்களை மட்டும் யாரிடமாவது கேட்டு உச்சரிப்பைக் குறித்துக்கொள்ளுங்கள், அங்கேதான் பலர் தடுமாறுகிறார்கள்.