'அட்மாஸ்': சூழரவம் என்று சொல்லலாமா?

> அட்மாஸுக்குப் 'பின்னணி ஒலி' போதாதா?

போதாது ஐயா. அட்மாஸ் (atmos) என்பது ஓரிடத்தின் மொத்தச் சூழல் ஒலியைப் பிடித்த பதிவு; அதற்குத்தான் தமிழ்ச் சொல் தேடுகிறோம். பின்னணி என்றதும் பலருக்கும் இசைதான் நினைவுக்கு வரும். காட்டுயிர் ஆவணப்படத்தில் அட்மாஸ் தனி வேலை. நீள லென்ஸ் இருந்தால் விலங்கைத் தொலைவிலிருந்தே படமெடுத்துவிடலாம். அது புல்லை மெல்லும் சத்தம் அந்தத் தொலைவில் மைக்குக்கு எட்டாது. ஆகவே கேமரா ஓடாத நேரத்திலும் ஒலிப்பதிவாளருக்கு வேலை உண்டு. ஒரு விலங்கின் குரலை மட்டும் பிடிப்பது ஒரு வகை. அந்த இடம் அந்த வேளையில் முழுக்க எப்படி ஒலிக்கிறது என்று பிடிப்பது வேறு வகை. நாம் சொல் தேடுவது இதற்குத்தான்.

இதற்கு ஒரு வழக்கமான அமைப்பு: இரண்டு கார்டியாய்டு மைக்குகள் (முன்பக்க ஒலியை அதிகமாக வாங்குபவை), 17 செ.மீ. இடைவெளி, இடையே 110 பாகைக் கோணம், மேலே காற்றுக்கூண்டும் ரோம உறையும். ரெக்கார்டரை ஓடவிட்டு விலகிப் போய்விட வேண்டும். பக்கத்தில் நின்றால் மூச்சும் துணி உரசலும் பதிவாகிவிடும். ஐந்து நிமிடமாவது ஓடட்டும். அரை நிமிடத் துண்டைத் திரும்பத் திரும்ப ஒட்டினால், ஒரே பறவை ஒரே இடைவெளியில் கூவுவதைக் காது கண்டுகொள்ளும். இடம், தேதி, நேரத்தைப் பதிவின் கடைசியில் சொல்லுங்கள். தொடக்கத்திலேயே பேசினால் அருகிலிருக்கும் தவளைகள் வாயடைத்துவிடும்.

சொல்லுக்கு வருகிறேன். 'நிலவொலி' அழகுதான், வாய்விட்டுச் சொன்னால் நிலவொளி ஆகிவிடுகிறது. ஒலிப்பதிவாளரும் ஒளிப்பதிவாளரும் ஏற்கெனவே ஓரெழுத்தில் இடம் மாறித் தவிக்கிறார்கள்; இன்னொரு குழப்பம் வேண்டாம். 'அரவம்' நம் பேச்சிலேயே இருக்கிறது. கண்ணில் படாத ஒன்று அங்கே இருப்பதைக் காட்டிக்கொடுக்கும் சத்தம் அது. எனவே சூழரவம்.

> அரவம் என்றால் பாம்பும் ஆயிற்றே?

செய்யுளில் சரி. 'ஆளரவமற்ற காடு' என்று படிக்கும்போது யாருக்கும் பாம்பு நினைவு வருவதில்லையே. இதே வழியில் கையரவமும் கிடைக்கிறது: மைக்கை நீட்டிப் பிடிக்கும் பூம் கம்பில் விரல் நகர்ந்தாலோ கேபிள் உரசினாலோ மைக்கில் விழும் தடதடப்பு. மைக்கைத் தொங்கவிடும் ரப்பர் பிடிகள் தளர்ந்திருந்தால் இது கூடும்.

மைக்கின் மின்சுற்றே எழுப்பும் 'ஸ்ஸ்' சத்தத்துக்கு மட்டும் அரவம் வேண்டாம். அது அந்த இடத்துச் சத்தமே அல்ல. தன்னிரைச்சல் எனலாம். அமைதியான இரவின் சூழரவத்துக்கு அது 10 டெசிபெல்லுக்குக் கீழே இருக்கும் மைக் நல்லது. 20 என்றால், தொலைவுப் பூச்சிகள் அந்த 'ஸ்ஸ்'ஸில் அமுங்கிப்போகும்.

> ஒலியை மைக்கில் குவிக்கும் கிண்ணம் போன்ற பரவளையத் தட்டும் நம் கலைச்சொல் பட்டியலில் சேரட்டுமா?

சேரட்டும், ஆனால் குரல் பிடிக்கும் கருவிகளின் கீழ். ஒரே திசையைக் குவிப்பதால் சூழரவத்துக்கு அது உதவாது. 60 செ.மீ. தட்டு ஏறக்குறைய 570 ஹெர்ட்ஸுக்குக் கீழே சரியாகக் குவிக்காது. பெரிய ஆந்தைகளின் தாழ்ந்த குரலுக்கு ஷாட்கன் மைக்கோடு (நேர் முன்னால் வரும் ஒலியைப் பிடிக்கும் நீளக் குழல் மைக்) நெருங்கித்தான் போக வேண்டும்.