காசாளர் கொடுப்பனவு நாற்காலிக்கா, ஆளுக்கா?

கொட்டகலை வாணி:
எட்டு வருடமாக ஒரு வங்கிக் கிளையில் காசாளர். போன மாதம் சம்பளச் சீட்டில் காசாளர் கொடுப்பனவு இல்லை. கேட்டால், “இனி காசாளர் என்று தனியாக ஒருவரும் இல்லை, எல்லோரும் சேவை உதவியாளர்கள்” என்கிறார்கள். காசு லாச்சி அதேதான், சாவியும் என்னிடம்தான். மழைநாளில் கடைக்காரர்கள் கொண்டுவரும் நோட்டுகள் ஈரத்தில் ஒட்டிக்கிடக்கும். மெஷின் தள்ளிவிடும், கையால்தான் எண்ண வேண்டும். அப்படி ஒரு நாள் பின்னேரம் ஐயாயிரம் ரூபாய் குறைந்தது. மூன்று தரம் எண்ணிப் பார்த்துவிட்டு என் கைக்காசைத்தான் போட்டேன்.

பதுளை ராஜன்:
தங்கச்சி, உங்கள் கோபம் விளங்குகிறது. ஆனால் அந்தக் கொடுப்பனவு நாற்காலிக்கு உரியது, ஆளுக்கு இல்லை. முப்பது வருடம் வங்கியில் இருந்தவன் சொல்கிறேன். கவுண்டரை விட்டுக் கடன் பிரிவுக்குப் போனவரும் அதையே கேட்டு நிற்பார். கொடுத்தால், அவர் இடத்துக்கு வந்த பிள்ளைக்கும் கொடுக்க வேண்டும். பிறகு நிர்வாகம் ஒருவரையும் இடம் மாற்ற முடியாது.

கொட்டகலை வாணி:
அண்ணே, நான் நாற்காலியை விட்டு எழும்பவே இல்லையே. பெயர்ப்பலகையை மட்டும்தானே மாற்றினார்கள்?

தலவாக்கலை சதீஷ்:
அதுதான் விஷயம். தோட்டத்துப் பிள்ளைகளுக்கு இது புதிதில்லை. 2016இல் தோட்டக் கம்பனிகளும் தொழிற்சங்கங்களும் செய்த கூட்டு ஒப்பந்தத்தில் நாள் சம்பளம் 730 ரூபாய் என்றார்கள். அதில் அடிப்படை 500தான். மிச்சம் வருகைக்கு 60, உற்பத்தித்திறனுக்கு 140, விலைப் பங்கு 30. அம்மா காய்ச்சலில் படுத்த மாதம் அந்த 60 போய்விட்டது. கொடுப்பனவு என்று எழுதிவிட்டால் எடுப்பது சுலபம். ராஜன் அண்ணே, லாச்சியில் காசு குறைந்தால் யார் கட்டுகிறார்களோ அவர்களுக்குத்தான் அந்தப் பணம். இதில் நாற்காலி எங்கே வந்தது?

கண்டி நிரோஷன்:
இந்தியாவில் இது பழைய வழக்கு. 1953 சாஸ்திரி தீர்ப்பாயம் வங்கி ஊழியர்களின் விசேட வேலைகளுக்குத் தனிக் கொடுப்பனவு வைத்தது. கூட்டல் மெஷினில் வேலை செய்தவர்கள் அதைக் கேட்டபோது சென்ட்ரல் பேங்க் ஆஃப் இந்தியா, “உரிமையே தகராறில் இருக்கிறது, தொழில் நீதிமன்றம் விசாரிக்க முடியாது” என்றது. 1963இல் ராஜகோபாலன் வழக்கில் உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. தொகையைக் கணக்கிடும் மன்று, உரிமை உண்டா என்றும் பார்க்கலாம் என்றது. அங்கே கேள்வி பதவிப் பெயர் இல்லை, அந்த வேலையைச் செய்தாரா என்பதுதான்.

பதுளை ராஜன்:
அதே உச்ச நீதிமன்றம் 1994இல் கணேஷ் ரசாக் வழக்கில் எல்லை போட்டதையும் சொல்லுங்கள், தம்பி. ஏற்கெனவே ஒப்புக்கொண்ட உரிமையைத்தான் தொகையைக் கணக்கிடும் அந்த மன்றில் கேட்கலாம், புதிதாக ஒன்றை அங்கே நிலைநாட்ட முடியாது. அதுவும் அவர்கள் சட்டம். இங்கே இலங்கையில் 1950ஆம் ஆண்டின் 43ஆம் இலக்கக் கைத்தொழில் பிணக்குகள் சட்டம். தொழில் நியாய சபைக்குத் தனி ஆள் போவது பெரும்பாலும் வேலைநீக்கத்துக்கும் பணிக்கொடைக்கும்தான். கொடுப்பனவு என்றால் முதலில் தொழில் ஆணையாளரிடம் முறைப்பாடு, சமரசப் பேச்சு. சரிவராவிட்டால் 4(1) பிரிவில் அமைச்சர் நடுத்தீர்ப்புக்கு அனுப்ப வேண்டும். வருடக்கணக்கில் இழுக்கும். வீண் நம்பிக்கை கொடுக்காதீர்கள்.

கண்டி நிரோஷன்:
இழுக்கும், உண்மைதான். ஆனால் வாணி புதிதாக ஒன்றும் கேட்கவில்லையே, எட்டு வருடம் வாங்கியதைத்தானே கேட்கிறார்? வங்கியின் கூட்டு ஒப்பந்தத்தில் அந்தக் கொடுப்பனவு இருந்தால், நீங்கள் சொன்ன அதே இலங்கைச் சட்டப்படி அது அவருடைய வேலை ஒப்பந்தத்தின் நிபந்தனை. அக்கா, ஒப்பந்தத்தில் “காசாளர்” என்று இருக்கிறதா, “காசு கையாள்பவர்” என்று இருக்கிறதா? முதலில் அதைப் பாருங்கள்.

பதுளை ராஜன்:
அந்தச் சொல் “காசு கையாள்பவர்” என்றால் நான் தங்கச்சி பக்கம்தான். “காசாளர்” என்றால் என் கருத்து மாறாது.

கொட்டகலை வாணி:
சங்கக் கிளைச் செயலாளரிடம் பிரதி கேட்டிருக்கிறேன், வெள்ளிக்கிழமை தருவார். அதுவரை தினமும் லாச்சியை ஒப்படைக்கும் புத்தகத்தில் என் கையெழுத்துள்ள பக்கங்களுக்கு, மேலதிகாரியிடம் கேட்டுப் பிரதி எடுத்து வைக்கிறேன். ஐயாயிரம் கட்டிய ரசீதும் இருக்கிறது. அதில் என் பெயருக்குக் கீழே “காசாளர்” என்றுதான் அடித்திருக்கிறார்கள்.