புதுப்பிப்பு: கரோடிட் தமனிக் காயம் மைனரா, மேஜரா?

கண்ணாடி கிழித்த இடது கரோடிட் தமனிக்கு (கழுத்து வழியாகத் தலைக்கு ரத்தம் கொண்டுபோகும் குழாய்) ஐசிடி-10-சிஎம்மில், அதாவது நோய்களுக்கும் காயங்களுக்குமான அமெரிக்கக் குறியீட்டுப் பட்டியலில், எந்தக் கோடு, மைனர் வெட்டா மேஜர் வெட்டா என்று முன்பு இங்கே கேட்டிருந்தேன். இன்சூரன்ஸ் கிளெய்ம் பாஸாகிவிட்டது, எல்லோருக்கும் நன்றி.

"ரத்தப்போக்கைப் பார்க்காதீர்கள், தமனி முழுதாக அறுந்ததா என்று பாருங்கள்" என்ற யோசனைதான் கைகொடுத்தது. ஆபரேஷன் குறிப்பில் முன்சுவர் மட்டும் வெட்டு, பின்சுவர் அப்படியே இருக்கிறது என்று தெளிவாக இருந்தது. ஆகவே மைனர்: எஸ்15.012ஏ. முழுதாக அறுந்திருந்தால் மேஜர்: எஸ்15.022ஏ. உயிரே ஊசலாடிய காயத்தை மைனர் என்று எழுத மனம் ஒப்பவில்லைதான், ஆனால் வரையறை அதுதான்.

முதன்மைக் காயம் தமனியில் என்பதால் அந்தக் கோடு முதலில். அப்புறம் கழுத்தின் வெளிக்காயம். இங்கேதான் எதிர்பாராத விஷயம்: அவசரப் பிரிவுக் குறிப்பில், காயத்திலிருந்து கண்ணாடித் துண்டு எடுத்ததாக ஒரே ஒரு வரி. அதனால் அந்நியப் பொருள் இல்லாத வெட்டுக்கான எஸ்11.81 பொருந்தாது; அந்நியப் பொருளோடு கூடிய எஸ்11.82எக்ஸ்ஏ போட்டோம்.